டெண்டர் நிபந்தனைக்குப் பொருள் சொல்வது யார்?

வாசகர் கேள்வி, வழக்கறிஞர் பதில்

அரசு டெண்டர்களில் நிபந்தனைகளுக்குப் பொருள் கொள்வதில் எழும் தகராறுகள் குறித்து ஈரோடு, திருப்பூர், கரூர், நாமக்கல் பக்கங்களிலிருந்து வந்த கடிதங்கள் சேர்ந்துவிட்டன. எல்லாம் ஒரே பொருளைச் சுற்றியவை என்பதால் இந்த இதழின் சட்டப் பகுதியை முழுவதுமாக அவற்றுக்கே ஒதுக்கியிருக்கிறோம். எழுதியவர்களின் பெயரையும் சம்பந்தப்பட்ட அலுவலகங்களின் பெயரையும் நீக்கியுள்ளோம். பதிலளிப்பவர் கோவையில் தொழில் புரியும் வழக்கறிஞர்.

கேள்வி: வணக்கமுங்க. எங்கள் பகுதி நகராட்சி ஒன்று பாதாளச் சாக்கடைக் குழாய் பதிக்க டெண்டர் கோரியது. கடந்த ஏழு ஆண்டுகளுக்குள் ‘ஒத்த தன்மையுடைய பணி’ ஒன்றை முடித்திருக்க வேண்டும் என்பது தகுதி நிபந்தனை. நான் கூட்டுக் குடிநீர்த் திட்டங்களில் பல கிலோமீட்டர் குழாய் பதித்தவன். அது ஒத்த பணி ஆகாது என்று, விலையைப் பார்க்கும் முன் தகுதியைப் பார்க்கும் தொழில்நுட்ப உறையிலேயே என்னைத் தள்ளிவிட்டார்கள். குழி தோண்டுவதும், குழாய் இறக்குவதும், மூடுவதும் இரண்டிலும் ஒன்றுதானே? தெளிவில்லாமல் எழுதியது அவர்கள் குற்றம். அதன் பலன் எனக்குத்தானே கிடைக்க வேண்டும்?
– ஒப்பந்ததாரர், பெருந்துறை

பதில்: உங்கள் கேள்வியின் கடைசி வரியிலிருந்தே தொடங்குகிறேன். டெண்டரில் வெளியேற்றப்பட்டவர்கள் மிகுந்த நம்பிக்கையோடு முன்வைப்பதும், நீதிமன்றத்தில் முதலில் விழுந்துவிடுவதும் அந்த வாதம்தான்.

ஓர் ஆவணத்தில் ஐயம் இருந்தால் அதை எழுதியவருக்கு எதிராகப் பொருள் கொள்ள வேண்டும் என்பது ஒப்பந்தச் சட்டத்தில் நெடுங்காலமாக இருக்கும் விதி. ஆனால் நீங்கள் இன்னும் ஒப்பந்தத்துக்குள் நுழையவில்லை. விலை சொல்ல அழைக்கப்பட்டவர்களில் ஒருவராகவே நிற்கிறீர்கள். 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்த அக்மாடெல் வழக்கு இந்த வேறுபாட்டைத் தெளிவாக்குகிறது. நவோதயா வித்யாலயா சமிதி 68,940 டேப்லெட்டுகளை வாங்க டெண்டர் கோரியபோது, அதே பொருளையோ அதையொத்த வகைப் பொருளையோ முன்னர் வழங்கியிருக்க வேண்டும் என்று நிபந்தனை விதித்தது. ஸ்மார்ட்போன் வழங்கிய அனுபவத்தைக் காட்டிய நிறுவனம் தகுதியற்றது எனத் தள்ளப்பட்டது. இரண்டும் ஒத்த வகைதான் என்று தில்லி உயர் நீதிமன்றம் அந்த நிறுவனத்தின் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. எழுதியவருக்கு எதிராகப் பொருள் கொள்ளும் விதியை டெண்டர் மதிப்பீட்டுக் கட்டத்துக்கு இழுத்து வர முடியாது. போட்டியிடுபவர்களில் ஒருவருக்கு உகந்த பொருளைத் தேர்ந்தெடுத்துக் கொடுப்பதற்கான கருவியன்று அது, என்பது அத்தீர்ப்பின் சாரம்.

அதற்கு அடித்தளமாக இருப்பது 2016-இல் வந்த நாக்பூர் மெட்ரோ தொடர்பான ஆஃப்கான்ஸ் வழக்கு. சீனாவில் நகரங்களுக்கு இடையே ஓடும் விரைவு ரயில் பாதையைக் கட்டிய அனுபவம் ‘மெட்ரோ கட்டுமானப் பணி’ அனுபவம் ஆகுமா என்பது அங்கே கேள்வி. ஆகாது என்றது மெட்ரோ நிறுவனம், ஆகும் என்றது உயர் நீதிமன்றம். டெண்டர் ஆவணத்தை எழுதியவருக்கே தன் தேவை இன்னதென்று நன்றாகத் தெரியும், அவர் கொள்ளும் பொருளில் தீய நோக்கமோ அறவே ஏற்க முடியாத கோணலோ இல்லாத வரை நீதிமன்றம் தன் பொருளைத் திணிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது. நிபந்தனைக்கு இரண்டு பொருள் சாத்தியம் என்று நீங்கள் நிரூபித்தாலும் போதாது. அலுவலகம் எடுத்துக்கொண்ட பொருள் அறிவுள்ள எவரும் எடுக்க முடியாத ஒன்று என்று காட்ட வேண்டும்.

இந்த அளவுகோலை உங்கள் வழக்கில் வைத்துப் பாருங்கள். குடிநீர்க் குழாயில் நீர் அழுத்தத்தால் ஓடுகிறது, மேடேறியும் செல்லும். சாக்கடைக் குழாய் சரிவை நம்பி இருப்பது. சரிவு தப்பினால் கழிவு தேங்கிவிடும். இடையிடையே ஆளிறங்கு குழிகள் கட்ட வேண்டும். ஆழமும் கூடுதலாக இருக்கும். இவ்வளவு வேறுபாடுகளைப் பொறியாளர் எழுதிவைத்திருந்தால், அவர் கொண்ட பொருளை ‘அறவே ஏற்க முடியாதது’ என்று எந்த நீதிபதியும் சொல்லத் தயங்குவார். என் சொந்தக் கருத்தைக் கேட்டால், இந்த நெறி அக்கறையில்லாமல் எழுதும் அலுவலகத்துக்குச் சற்று மிகையான சலுகையைத் தருகிறது. ஆயினும் சட்டம் இன்று அங்கேதான் நிற்கிறது.

இதற்கு மறுபக்கமும் உண்டு, உங்களுக்கு வழி இருந்தால் அது அங்கேதான். 1979-இல் வந்த ரமணா தயாராம் ஷெட்டி வழக்கு இத்துறையின் மூலத் தீர்ப்பு. பம்பாய் விமான நிலையத்தில் உணவகம் நடத்த, பதிவு பெற்ற இரண்டாம் தர உணவக உரிமையாளராக 5 ஆண்டுகளேனும் அனுபவம் இருக்க வேண்டும் என்று அறிவித்துவிட்டு, சிற்றுண்டிச் சாலைகள் நடத்திய அனுபவம் மட்டுமே கொண்டிருந்த ஒருவருக்கு விமான நிலைய ஆணையம் உரிமையைக் கொடுத்தது. அறிவித்த தகுதியிலிருந்து ஆணையம் தன் விருப்பப்படி விலக முடியாது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அதற்குச் சொன்ன காரணம் நம் தொழிலுக்கு நேரடியாகப் பொருந்துவது. நிபந்தனை இவ்வளவு தளர்வானது என்று முன்பே தெரிந்திருந்தால் ஒதுங்கி நின்ற மற்றவர்களும் விலை கொடுத்திருப்பார்கள் அல்லவா? மாட்டுச் சந்தையில் துண்டுக்கு அடியில் விரல் பிடித்து ஆளுக்கொரு விலை பேசுவதுபோல, அரசு அலுவலகம் ஒரே நிபந்தனைக்கு ஆளுக்கொரு பொருள் சொல்ல முடியாது.

எனவே நீங்கள் தேட வேண்டியது, உங்களுடன் போட்டியிட்ட வேறெவராவது குடிநீர்க் குழாய் அனுபவத்தைக் காட்டி ஏற்கப்பட்டிருக்கிறாரா என்பதையும், ஆவணத்தின் வேறு ஏதேனும் பகுதியில் ஒத்த பணி என்றால் என்ன என்று வரையறுக்கப்பட்டிருக்கிறதா என்பதையும்தான். வரையறை இருந்து அதை மீறியிருந்தால் நிலைமை முற்றிலும் மாறிவிடும். தன் ஆவணத்துக்குத் தானே கட்டுப்பட மறுக்கும் அலுவலகத்துக்கு எந்தத் தீர்ப்பும் கைகொடுக்காது. இதை விரைந்து செய்யுங்கள். 1998-இன் தமிழ்நாடு டெண்டர் வெளிப்படைத்தன்மைச் சட்டத்தின் பிரிவு 11-இன்படி, டெண்டரை ஏற்கும் அதிகாரி பிறப்பித்த உத்தரவால் பாதிக்கப்பட்டவர் அந்த உத்தரவு கிடைத்த நாளிலிருந்து 10 நாள்களுக்குள் அரசுக்கு மேல்முறையீடு செய்யலாம். தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டு 30 நாள் காத்திருந்தால் அந்த 10 நாள் போய்விடும். ஆகவே கையில் இருப்பதை வைத்து மேல்முறையீட்டைத் தாக்கல் செய்துவிட்டு, மற்ற போட்டியாளர்களின் ஆவணங்களை வரவழைத்துப் பார்க்குமாறு அந்த மேல்முறையீட்டிலேயே கேளுங்கள்.

கேள்வி: விளையாட்டுச் சீருடை வழங்கும் டெண்டர் ஒன்றில், பங்கேற்பவர் கட்ட வேண்டிய முன்வைப்புத் தொகைக்கான வங்கி உத்தரவாதத்தை எங்கள் வங்கி தன் வழக்கமான படிவத்தில் கொடுத்துவிட்டது. டெண்டருடன் இணைத்திருந்த படிவத்தில் இல்லை என்பதற்காக எங்களை நிராகரித்துவிட்டார்கள். தொகை சரி, காலம் சரி, வங்கியும் சரி. காகிதத்தின் வடிவத்துக்காக ஒருவரை வெளியே தள்ளலாமா?
– பின்னலாடை உற்பத்தியாளர், திருப்பூர்

பதில்: 1991-இல் கேட்டிருந்தால் மகிழ்ச்சியான பதிலைக் கொடுத்திருப்பேன். அந்த ஆண்டு வந்த பொத்தார் ஸ்டீல் வழக்கில், வாரணாசி டீசல் எஞ்சின் தொழிற்சாலை முன்வைப்புத் தொகையை ரொக்கமாகவோ பாரத ஸ்டேட் வங்கியின் மீது எடுத்த வரைவோலையாகவோ கேட்டிருந்தது. ஒரு நிறுவனம் யூனியன் வங்கி தன் கிளையின் மீதே எடுத்த காசோலையை வைத்தது. தகுதியைத் தீர்மானிக்கும் அடிப்படை நிபந்தனைகள் ஒரு வகை, அந்த நோக்கத்துக்குத் துணையாக மட்டும் நிற்பவை இன்னொரு வகை என்று உச்ச நீதிமன்றம் பிரித்து, இரண்டாம் வகையில் எழுத்துக்கு எழுத்து பிடிவாதம் தேவையில்லை, உரிய இடத்தில் அலுவலகம் விட்டுக்கொடுக்கலாம் என்றது.

அந்தத் தீர்ப்பு இன்றும் உயிரோடு இருக்கிறது. ஆனால் அதைப் படிக்கும் விதம் மாறிவிட்டது. அலுவலகம் விட்டுக்கொடுத்தால் நீதிமன்றம் குறுக்கே நிற்காது என்பது ஒன்று. விட்டுக்கொடுத்தே ஆக வேண்டும் என்று அலுவலகத்தைக் கட்டாயப்படுத்துவது வேறொன்று. 2016-இன் சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கு உங்கள் வழக்கின் இரட்டைப் பிறவி எனலாம். அங்கும் வங்கி உத்தரவாதம் குறித்த படிவத்தில் இல்லை, அங்கும் நிராகரிப்பு. எது அடிப்படை, எது துணை என்பதை டெண்டர் கோரியவரே முடிவு செய்யலாம், படிவத்தை வலியுறுத்த அவருக்கு உரிமை உண்டு, மற்ற எல்லோரும் அதே படிவத்தில் கொடுத்திருக்கும்போது ஒருவருக்காக அதைத் தளர்த்தும்படி நீதிமன்றம் சொல்ல வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் நிராகரிப்பை உறுதி செய்தது.

உங்களுக்கு மிச்சமிருப்பது சமத்துவ வாதம். 2024 அக்டோபரில் வந்த பன்ஷிதர் கன்ஸ்ட்ரக்‌ஷன் வழக்கில், நிலக்கரிச் சுரங்க டெண்டர் ஒன்றில் அதிகாரப் பத்திரத்தின் குறைக்காக ஒருவரை வெளியேற்றிவிட்டு, வேறு ஆவணங்களில் குறை வைத்திருந்த இன்னொருவரைத் தேர்வு செய்திருந்தார்கள். வேலை உத்தரவு போய், ஒப்பந்தமும் கையெழுத்தான பிறகும் உச்ச நீதிமன்றம் அதை ரத்துச் செய்து புதிய டெண்டருக்கு உத்தரவிட்டது. வெற்றி பெற்றவரின் கோப்பிலும் இதே போன்ற ஓட்டை இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால், வழக்குச் செலவை மிச்சப்படுத்திக்கொண்டு, உங்கள் வங்கி மேலாளரிடம் டெண்டர் படிவத்தை அச்செடுத்துக் கொடுத்து ‘இதில் ஒரு வரியையும் மாற்றக் கூடாது’ என்று எழுத்தில் கேட்கும் வழக்கத்தை ஏற்படுத்திக்கொள்ளுங்கள். திருப்பூரில் ஏற்றுமதிக் கடன் கடிதத்தின் ஒரு காற்புள்ளிக்காகக் கப்பல் சரக்கைத் திருப்பி எடுத்தவர்களுக்கு இந்தக் கட்டுப்பாடு புதிதன்று.

கேள்வி: மருத்துவமனைகளுக்குப் படுக்கை விரிப்பு வழங்கும் டெண்டரில், இதே மாநில அரசு நிறுவனங்களுக்கு முன்னர் பெரும் தொகைக்கு வழங்கியவர்கள் மட்டுமே கலந்துகொள்ளலாம் என்று நிபந்தனை உள்ளது. நாங்கள் இருபது ஆண்டுகளாக வெளிநாட்டுக்கு அனுப்புகிறோம்; அரசுக்கு ஒரு விரிப்பும் விற்றதில்லை. டெண்டரில் கலந்துகொண்டு, நிராகரித்தால் வழக்குப் போடலாமா?
– ஜவுளி ஏற்றுமதியாளர், கரூர்

பதில்: அந்த வரிசையில் செய்யாதீர்கள். நிபந்தனைக்குப் பொருள் கொள்வதில் தகராறு என்பது ஒன்று. நிபந்தனையே செல்லாது என்பது வேறு. நிபந்தனையை ஏற்றுக் கையெழுத்திட்டு விலையும் கொடுத்துவிட்டு, தோற்ற பிறகு அது அநீதி என்று வருபவரை நீதிமன்றங்கள் பெரும்பாலும் வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடுகின்றன. விலை கொடுக்கும் கடைசி நாளுக்கு முன்பே எழுத்தில் ஆட்சேபித்து, பதில் வராவிட்டால் உயர் நீதிமன்றத்தை அணுகுங்கள். உங்கள் வாதத்துக்கு வலு இருக்கிறது. சத்தீஸ்கரில் பள்ளிகளுக்கான விளையாட்டுப் பொருள் டெண்டரில், அந்த மாநில அரசு நிறுவனங்களுக்கே 3 ஆண்டுகளில் 6 கோடி ரூபாய்க்கு வழங்கியிருக்க வேண்டும் என்ற நிபந்தனையை 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் ரத்துச் செய்தது. வெளியிலிருந்து வருபவருக்குக் கதவை அடைப்பது சம வாய்ப்புக்கும் தொழில் செய்யும் உரிமைக்கும் எதிரானது என்பது காரணம்.

ஒரு நடைமுறைக் குறிப்பு. கரூர் மாவட்டம் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்கு உட்பட்டது; ஈரோடு, நாமக்கல், திருப்பூர், கோவைக்காரர்கள் சென்னைக்குப் போக வேண்டும். டெண்டர் கோரிய அலுவலகம் சென்னையில் இருந்தால் அங்கும் தாக்கல் செய்ய இடமுண்டு. கடைசி நாளுக்கு முந்தின நாள் இதை யோசிக்க ஆரம்பித்தால் காலம் போதாது.

கேள்வி: ரயில்வே கோட்டம் ஒன்றின் டெண்டரில் எனக்கு இதே போன்ற பிரச்சினை. தமிழ்நாட்டுச் சட்டத்தின் 10 நாள் மேல்முறையீடு எனக்கும் உண்டா?
– வாசகர், சேலம்

பதில்: இல்லை. அந்தச் சட்டம் மாநில அரசுத் துறைகள், அதன் நிறுவனங்கள், உள்ளாட்சிகள் போன்றவற்றின் கொள்முதலுக்கு மட்டுமே உரியது. மத்திய அரசு அமைச்சகங்களின் கொள்முதலை 2017-இன் பொது நிதி விதிகள் வழிநடத்துகின்றன. நிபந்தனையையோ நிராகரிப்பையோ கேள்வி கேட்கும் வழியை டெண்டர் ஆவணத்திலேயே வைக்க வேண்டும் என்று அவற்றின் 173-ஆம் விதி கூறுகிறது. உங்கள் ஆவணத்தில் அந்தப் பகுதியையும் அதிலுள்ள காலக்கெடுவையும் முதலில் தேடிப் பாருங்கள்.

கேள்வி: சத்துணவுக்கு முட்டை வழங்கும் ஒப்பந்தத்தை எடுத்திருக்கிறேனுங்க. ‘முட்டையின் எடை 46 கிராமுக்குக் குறையக் கூடாது’ என்று ஒப்பந்தத்தில் இருக்கிறது. அட்டைக்கு 30 முட்டை எடுத்துச் சராசரி போட்டால் எனக்கு எப்போதும் அதற்கு மேல்தான் வரும். ஆனால் அலுவலகத்தார் ஒவ்வொரு முட்டையாகத் தராசில் வைத்து, குறைந்ததற்கெல்லாம் பணம் பிடிக்கிறார்கள். கோடையில் கோழி தீனி குறைவாக எடுக்கும்போது முட்டை சிறுத்துவிடும் என்பது நாமக்கல்லில் குழந்தைக்கும் தெரியும். இதற்கும் ‘எழுதியவர் சொல்வதே சட்டம்’ என்பீர்களா?
– கோழிப் பண்ணையாளர், நாமக்கல்

பதில்: சொல்ல மாட்டேன். பெருந்துறை வாசகருக்குக் கிடைக்காத ஆயுதம் உங்களுக்குக் கிடைக்கும். நீங்கள் ஒப்பந்தத்துக்குள் வந்துவிட்டீர்கள். இரு தரப்புக்கும் உரிமையும் கடமையும் பிறந்துவிட்டன. இனி அலுவலகம் தன் ஆவணத்துக்குத் தானே நீதிபதியாக இருக்க முடியாது. ஐயம் உண்மையாகவே இருந்து, வேறெந்த வழியிலும் தீராவிட்டால், எழுதியவருக்கு எதிராகப் பொருள் கொள்ளும் விதியை நடுவர் (ஆர்பிட்ரேட்டர்) முன்போ உரிமையியல் நீதிமன்றத்திலோ நீங்கள் எழுப்பலாம்.

ஆனால் அது கடைசி ஆயுதம். முதல் ஆயுதமாக எடுத்தால் மழுங்கிப்போகும். ஒப்பந்தத்தை முழுவதுமாகப் படியுங்கள், குறிப்பாக யாரும் படிக்காத பின்னிணைப்புகளை. பரிசோதனை முறை என்ற தலைப்பில், சில முட்டைகளை ஒன்றாக எடை போட வேண்டும் என்றோ மாதிரி எடுக்க வேண்டும் என்றோ இருந்தால், எடை என்பது சராசரியையே குறிக்கிறது என்று வாதிடலாம். அப்போது ஐயம் என்ற பேச்சே எழாது. மாறாக, தரம் பிரிப்பது பற்றிய பகுதியில் தனி முட்டைக்கான அளவு கொடுக்கப்பட்டிருந்தால் உங்கள் சராசரி வாதம் நிற்காது. அடுத்ததாக நடத்தை. ஒப்பந்தத்தின் முதல் மாதங்களில், தகராறு எழுவதற்கு முன்னர், அவர்கள் எப்படி எடை போட்டார்கள்? அட்டையாக எடை போட்டு ஒப்புகைச் சீட்டுக் கொடுத்திருந்தால் அந்தச் சீட்டுகள் நல்ல சாட்சிகள். கோடையில் முட்டை சிறுப்பது உண்மைதான்; ஆனால் விலை கொடுக்கும்போதே அது உங்களுக்கும் தெரியும் என்பதுதான் எதிர்த்தரப்பின் முதல் கேள்வியாக இருக்கும், அதற்கு விடை தயாராக வைத்திருங்கள்.

பிடித்தம் போக வரும் பணத்தை வாங்கும்போது ‘எதிர்ப்புடன் பெறப்பட்டது’ என்று எழுதிக் கொடுங்கள். ‘முழுவதும் பெற்றுக்கொண்டேன், வேறு கோரிக்கை இல்லை’ என்ற தாளில் அவசரத்துக்குக் கையெழுத்திட்டு, பின்னர் ஆண்டுக்கணக்கில் அதை விளக்கிக்கொண்டிருப்பவர்கள் பலர். வழங்கலை நிறுத்தாதீர்கள். நிறுத்தினால் எடைத் தகராறு மறைந்து, ஒப்பந்தத்தை மீறியவர் என்ற வழக்கு உங்கள் மேல் வரும். குழந்தைகளின் உணவு என்பதால் எந்த நடுவரும் அதைப் பரிவோடு பார்க்க மாட்டார். பணம் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசின் செயலை எதிர்த்து நேரடியாகத் தொடுக்கும் மனு) போடுவதும் பயன் தராது. இருவர் சாட்சியத்தையும் பார்த்துத் தீர்க்க வேண்டிய எடைக் கணக்கு அந்த மன்றத்துக்குரியது அன்று.

கேள்வி: சாலைப் பணி டெண்டரில் என்னை நிராகரித்தது தவறு என்பதில் எனக்கு ஐயமே இல்லை. தடையாணை வாங்கி வேலையை நிறுத்திவிட முடியுமா? ஜல்லி கொட்ட ஆரம்பித்துவிட்டார்கள்.
– ஒப்பந்ததாரர், பொள்ளாச்சி

பதில்: ஜல்லி கொட்ட ஆரம்பித்துவிட்டார்கள் என்ற வரியே விடையின் பாதி. மேலே சொன்ன விமான நிலைய உணவக வழக்கின் முடிவு பலருக்குத் தெரிவதில்லை. ஆணையம் செய்தது தவறு என்று 1979-இல் நீதிமன்றம் தீர்மானமாகச் சொன்னது. ஆயினும் உரிமத்தை ரத்துச் செய்யவில்லை. வழக்குத் தொடுத்தவர் ஐந்து மாதங்களுக்கு மேல் தாமதித்திருந்தார். அதற்குள் உரிமம் பெற்றவர் சுமார் 1,25,000 ரூபாய் செலவழித்துவிட்டார். சட்டம் வழக்குத் தொடுத்தவர் பக்கம் இருந்தும் அவர் கைக்கு எதுவும் வரவில்லை.

இன்றைய நிலை அதைவிடக் கடினம். குறித்த நிவாரணச் சட்டத்தில் (Specific Relief Act) 2018-இல் சேர்க்கப்பட்ட 20ஏ, 41(எச்ஏ) பிரிவுகள், சாலை, குடிநீர், கழிவுநீர் போன்ற உள்கட்டமைப்புப் பணிகளைத் தடுக்கும் தடையாணையை உரிமையியல் நீதிமன்றம் தரக் கூடாது என்கின்றன. 2022-இல் ஜார்க்கண்ட் சாலைப் பணி தொடர்பான என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம், அந்தப் பிரிவுகளின் நோக்கத்தை ரிட் மனுக்களை விசாரிக்கும் உயர் நீதிமன்றங்களும் மனத்தில் கொள்ள வேண்டும் என்றும், தவறு நடந்திருந்தால் பணியை நிறுத்துவதைவிட இழப்பீட்டுக்கு வழி விடுவதே முறை என்றும் கூறியது. இழப்பீடு என்றால், கிடைக்காமல் போன இலாபத்தைக் கணக்குக் காட்டி நிரூபிக்க வேண்டும். அது நீண்ட வழக்கு.

தோற்றால் என்ன ஆகும் என்பதையும் எண்ணிப் பாருங்கள். மதுப்புட்டிகளுக்கான ஹாலோகிராம் ஒட்டுவில்லை டெண்டர் குறித்து நம் மாநில அரசுக்கு எதிராக நடந்த வழக்கில், 2021 செப்டம்பரில் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், டெண்டரை எதிர்த்தவர்களிடமிருந்து உண்மையான வழக்குச் செலவையே வசூலிக்க உத்தரவிட்டது. டெண்டரில் தோற்ற ஒவ்வொருவரும் வழக்காடுவது வழக்கமாகிவிட்டது என்ற சலிப்பு அத்தீர்ப்பில் வெளிப்படையாகத் தெரிகிறது.

கேள்வி: நான் எதிர்ப்பக்கத்திலிருந்து கேட்கிறேன். உள்ளாட்சி அமைப்பு ஒன்றில் பொறியாளராக இருக்கிறேன். ஒவ்வொரு டெண்டருக்கும் மேல்முறையீடு, புகார், வழக்கு என்று நாங்களும் அலைகிறோம். பழைய ஆவணத்தை எடுத்துப் பெயரையும் தொகையையும் மாற்றித்தான் எங்கள் அலுவலகத்தில் புதிய டெண்டர் தயாரிக்கிறோம் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். எதைத் திருத்தினால் தகராறு குறையும்?
– வாசகர், கோபிசெட்டிபாளையம்

பதில்: இப்படி ஒரு கடிதம் வந்ததே எனக்கு வியப்பு. முதலில் ‘ஒத்த பணி’ என்ற சொல்லைத் தனியாக விடாதீர்கள். எந்தப் பணிகள் ஒத்தவை, எவை ஒத்தவையல்ல, குழாயின் விட்டமும் நீளமும் எவ்வளவு, மதிப்பு எவ்வளவு, நிறைவுச் சான்று யாரிடமிருந்து வர வேண்டும், துணை ஒப்பந்ததாரராகச் செய்தது கணக்கில் வருமா என்று அங்கேயே எழுதிவிடுங்கள். இரண்டு பத்திகள் கூடும். இரண்டு ஆண்டு வழக்குக் குறையும். அதேபோல், எந்த ஆவணம் இல்லையென்றால் நேராக நிராகரிப்பு, எதற்கு விளக்கம் கேட்டுத் திருத்த இடம் கொடுப்பீர்கள் என்பதையும் பிரித்துச் சொல்லுங்கள். நீதிமன்றம் உங்கள் பிரிவினையை மதிக்கும். ஆனால் பிரிவினை என்று ஒன்று காகிதத்தில் இருக்க வேண்டும். பழைய ஆவணத்தின் ஒரு பக்கத்தில் 5 ஆண்டு என்றும், ஒட்டிச் சேர்த்த பக்கத்தில் 7 ஆண்டு என்றும் இருப்பதை நானே கண்டிருக்கிறேன்.

நிராகரிக்கும்போது காரணத்தை முழுமையாக எழுதுங்கள். ‘தகுதி இல்லை’ என்று ஒற்றை வரியில் முடித்துவிட்டு, வழக்கு வந்த பிறகு எதிர்மனுவில் ஐந்து பக்கக் காரணம் சொல்ல முடியாது. ஓர் உத்தரவின் செல்லுபடி அதில் சொல்லப்பட்ட காரணங்களைக் கொண்டே பார்க்கப்படும், பின்னர் பிரமாணப் பத்திரத்தில் புதிய காரணங்களைச் சேர்க்க இயலாது என்று 1977-இன் மொகிந்தர் சிங் கில் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சாக்கடைக்கும் குடிநீருக்கும் உள்ள வேறுபாட்டைப் பற்றி நான் முதல் பதிலில் எழுதியவை உங்கள் மதிப்பீட்டுக் குறிப்பில் அன்றைக்கே இருந்தால்தான் உங்களுக்கு உதவும்.

இடையில் நிபந்தனையை மாற்ற வேண்டி வந்தால் திருத்த அறிவிப்பை இணையத்தில் எல்லோருக்கும் வெளியிட்டு, தேவையான கால நீட்டிப்பும் கொடுங்கள். மாநில விதிகளின்படி விலை கொடுக்க, 2 கோடி ரூபாய் வரையிலான டெண்டருக்குக் குறைந்தது 15 நாளும், அதற்கு மேற்பட்டதற்கு 30 நாளும் தர வேண்டும். தகுதியையே மாற்றும் திருத்தத்தைக் கடைசி இரண்டு நாளில் வெளியிட்டுவிட்டு அந்தக் கணக்கைக் காட்டினால் எடுபடாது. இன்னொன்று, தெரிந்த ஒப்பந்ததாரர் கைப்பேசியில் அழைத்து ‘சார், இந்த நிபந்தனைக்கு என்ன அர்த்தம்?’ என்று கேட்பார். உதவி செய்யும் எண்ணத்தில்கூட அங்கேயே பதில் சொல்லாதீர்கள். கேள்வியை எழுத்தில் அனுப்பச் சொல்லி, கேட்டவர் பெயரை நீக்கிவிட்டு, கேள்வியையும் பதிலையும் சேர்த்து டெண்டர் தளத்தில் ஏற்றுங்கள். அந்தப் பதில் ஆவணத்தின் பகுதியாகும் என்று டெண்டரிலேயே ஒரு வரி இருக்கட்டும். அப்படியானால், அடுத்த மாதம் பெருந்துறைக்காரரைப் போல ஒருவர் உங்கள் மேசைக்கு எதிரே வந்து நிற்கும்போது, அவருக்குக் காட்ட உங்களிடம் ஒரு தாள் இருக்கும்.